ஓவியப் படமும் கத்தரிக்கோலும்

ஒரு கலையின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் அக்கலையின் முகத்தையே வரைகின்றனர், கைகளை வரைவதில்லை. கோயிலை எழுப்பிய மன்னன் பெயரைக் கல்வெட்டில் காணலாம். கல்லைச் செதுக்கிய சிற்பியின் பெயரைக் காண்பது அரிது. திரைப்படக் கலையும் இதற்கு விலக்கன்று. நடித்தவரை நாடறியும், பாடியவரை நாடறியும், இயக்கியவரை ஓரளவு அறியும். ஆனால் எடுத்த படச்சுருளைத் துண்டு துண்டாக வெட்டி, வேண்டாதன நீக்கி, வேண்டுவன ஒட்டிக் கதையாக ஆக்கித் தருகின்ற படத்தொகுப்பாளரை அறிந்தார் மிகச் சிலர். அதிலும் குழந்தைகளுக்கென்று தொலைக்காட்சியில் ஓடும் ஓவியப் படங்களைத் தொகுப்போர் நிலையைக் கூறவே வேண்டா. அவர் பெயர் திரையில் தோன்றும் வேளையில் குழந்தைகள் எழுந்து ஓடிவிடுகின்றனர். பெரியவர்கள் வேறு நிகழ்ச்சிக்குத் தாவிவிடுகின்றனர்.

இத்தகைய பெயரறியாதார் தொழிலின் வரலாற்றை, அது தழைத்த பிரிட்டனில் தொடங்கி, நாம் வாழும் மலேசிய நாடு வரையில் ஒருவாறு ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். கேமரன் மலையின் வடபாகத்தே, கம்போங் ராஜாவில், தேயிலைத் தோட்டக் கணக்கு எழுதிக்கொண்டிருக்கும் நமக்கு இந்த ஆராய்ச்சி எதற்கு என்று அன்பர் சிலர் வினவக்கூடும். கட்டுரையின் போக்கிலேயே அதற்கு விடை கிடைக்கும்.

முதலில் தொழில் இன்னதென அறிவோம். சினிமாப் படம் என்பது அசையாத நிழற்படங்களின் வரிசையே. நொடி ஒன்றுக்கு 24 படங்கள் விளக்கொளியின் முன் கடந்து செல்லும்போது, நம் கண் அவற்றைத் தனித்தனியே பிரித்தறிய மாட்டாமல் ஒரே அசைவாகக் கொள்கின்றது. இத்தனிப் படத்தைப் பிரேம் என்பர். பிரிட்டிஷ் தொலைக்காட்சி நொடிக்கு 25 பிரேம் என்னும் கணக்கை மேற்கொண்டது. நம் நாட்டுத் தொலைக்காட்சியும் அக்கணக்கையே பின்பற்றியது. மனிதர் நடிக்கும் படத்தில் காமிரா அவர்கள் அசைவைத் தானே பதிந்துகொள்ளும். ஓவியப் படத்திலோ ஒவ்வோர் அசைவையும் மனிதன் கையால் வரைந்தாக வேண்டும். அல்லது பொம்மையை மயிரிழை அளவு நகர்த்தி நகர்த்திப் படமெடுக்க வேண்டும். ஓர் ஓவியத்தை இரண்டு பிரேம்களுக்கு நிறுத்திவைக்கும் சிக்கன முறையைக் கையாண்டாலும், ஒரு நிமிடப் படத்திற்கு 720 ஓவியங்கள் வேண்டும். பத்து நிமிடத்திற்கு 7,200 ஓவியங்கள்!

இங்கேதான் ஓவியப் படத்தொகுப்பாளரின் தனித்தன்மை புலனாகின்றது. நடிப்புப் படத்தை இயக்குபவர் ஒரே காட்சியைப் பலமுறை, பல கோணங்களில் எடுத்துக் குவிக்கலாம். தொகுப்பாளர் அக்குவியலிலிருந்து நல்லதைப் பொறுக்கி, மிச்சத்தைத் தள்ளுவார். ஓவியப் படத்தில் தள்ளுவதற்கு மிச்சம் என்பதே இருத்தலாகாது. ஒரு நிமிடப் படத்தை வெட்டி எறிந்தால், ஓவியர் பலரின் பல நாளைய உழைப்பு குப்பைக்கூடைக்குப் போய்விடும். ஆகவே, இங்கே வெட்டுதல் வரைவதற்கு முன்பே நிகழ்ந்தாக வேண்டும். முதலிற் பேச்சையும் இசையையும் பதிவு செய்வர். தொகுப்பாளர் அவ்வொலிச் சுருளைக் கருவியில் மாட்டி, கையால் முன்னும் பின்னும் உருட்டி, எந்த எழுத்தொலி எந்தப் பிரேமில் தொடங்கி எந்தப் பிரேமில் முடிகின்றது என்பதை எண்ணி எண்ணித் தாளில் குறிப்பார். ‘அ’ என்று வாய் திறக்க இத்தனை பிரேம், ‘ம்’ என்று வாய் மூட இத்தனை பிரேம் என்னும் அத்தாளைப் பார்த்துத்தான் ஓவியர் வரைவார். பின்னர், கதையைக் கோட்டோவியங்களாக வரைந்து, அவற்றை ஒலியோடு சேர்த்து ஓட்டிப் பார்ப்பர். எங்கே கதை தொய்கின்றது, எங்கே நகைச்சுவை ஒரு நொடி பிந்துகின்றது என்பதையெல்லாம் அப்போதே கண்டு திருத்துவர். பதினாறு மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 40 பிரேம்கள். அக்கணக்கில், சினிமா வேகத்தில் ஒரு நிமிடம் என்பது 36 அடி. தொகுப்பாளர் காலத்தை அடிக்கணக்கில் அளந்தவர். ஓவியர் தாளின் மேல் அரசர் என்றால், காலத்தின் மேல் அரசர் இவரே.

இனி வரலாற்றிற் புகுவோம். திரைப்படம் பிறந்த தொடக்க நாட்களில், மேல்நாடுகளில் படச்சுருளை வெட்டி ஒட்டும் வேலை பெரும்பாலும் பெண்களிடமே விடப்பட்டது. துணி வெட்டித் தைப்பதைப் போன்ற வேலைதானே இது, மெல்லிய விரல்களும் பொறுமையும் போதும், அறிவு வேண்டுவதில்லை என்று எண்ணினர் போலும்! ஆங்கிலப் படவுலகில் பெரும்புகழ் எய்திய ஆல்பிரட் ஹிட்ச்காக் என்பாரின் மனைவியார் ஆல்மா ரெவில், இளமையிலேயே லண்டன் படக்கூடம் ஒன்றில் சுருள் வெட்டும் வேலையில் அமர்ந்தவர். கணவருக்கு முன்பே படத்தொழிலில் கால் வைத்தவர் அவர். ஆயினும் கணவர் பெயர் உலகெங்கும் ஒலிக்க, அவர் பெயரை அறிந்தவர் எத்தனை பேர்? தேயிலைத் தோட்டத்தில் இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகக் கொழுந்து கிள்ளும் வேலைக்கும் நம் பெண்களையே அன்று நிறுத்தினர். அதற்குச் சொல்லப்பட்ட காரணமும் ‘மெல்லிய விரல்’ என்பதே. தேர்ந்தெடுத்தல் என்பது விரலின் வேலையன்று, அறிவின் வேலை என்பதைப் படக்கூடத்து முதலாளியும் உணரவில்லை. தோட்டத்துத் துரையும் உணரவில்லை.

பிரிட்டனில் தொலைக்காட்சி 1936-ஆம் ஆண்டில் தொடங்கிற்று. 1939 செப்டம்பரில் போர் மூண்டபோது பி.பி.சி. அதனை நிறுத்திவிட்டது. நிறுத்துமுன் ஒளிபரப்பப்பட்டது அமெரிக்க ஓவியப் படமான மிக்கி எலியின் படம் ஒன்று. போர் ஓய்ந்து 1946 ஜூன் மாதத்தில் தொலைக்காட்சி மீண்டபோது அதே படத்தை மறுபடியும் காட்டினர். ஓவியப் படம் என்றால் அமெரிக்காவிலிருந்து இறக்குமதியாக வேண்டிய சரக்கு என்னும் நிலையே அன்று பெரிதும் நிலவியது.

அந்நிலையை மாற்ற முயன்றோருள் ஜான் ஹலாஸ், ஜாய் பாட்ச்லர் என்னும் தம்பதிகள் முதன்மையானவர்கள். கணவர் ஹங்கேரி நாட்டினர். மனைவி ஆங்கிலப் பெண்மணி. 1940-இல் இவர்கள் தொடங்கிய படக்கூடம் போர்க்காலத்தில் அரசாங்கத்திற்கு வேண்டிய அறிவுறுத்தற் படங்களைச் செய்து தந்தது. ஜார்ஜ் ஆர்வெல் எழுதிய ‘விலங்குப் பண்ணை’ என்னும் கதையை முழுநீள ஓவியப் படமாக 1954-இல் முடித்தவர்களும் இவர்களே. அடுத்த ஆண்டு, 1955 செப்டம்பரில், விளம்பரங்களைத் தாங்கிய தனியார் தொலைக்காட்சி பிரிட்டனில் தோன்றிற்று. பற்பசைக்கும் சவர்க்காரத்திற்கும் அரை நிமிட ஓவியப் படங்கள் வேண்டப்பட்டன. வணிகரின் பணம் ஓவியக் கூடங்களுக்கு உயிர் கொடுத்தது. தொகுப்பாளருக்கோ கடும் பயிற்சி கொடுத்தது. முப்பது நொடி என்றால் முப்பது நொடிதான். அரை நொடி மிஞ்சினாலும் விளம்பரம் ஏற்கப்படாது.

குழந்தைகளுக்கான ஓவியத் தொடர்கள் இதன் பின்னரே பெருகின. அவ்வரலாற்றில் நம் உள்ளங் கவர்ந்தவர் ஆலிவர் போஸ்ட்கேட் என்பவர். 1925-இல் பிறந்த இவர், தொழிற்கட்சித் தலைவராக விளங்கிய ஜார்ஜ் லான்ஸ்பரியின் பேரர். இரண்டாம் உலகப்போரில் ஆயுதம் ஏந்த மாட்டேன் என மறுத்துச் சிறை சென்ற கொள்கையாளர். தொலைக்காட்சி நிலையம் ஒன்றில் மேடை நிருவாகியாக அமர்ந்த அவர், அங்கே குழந்தைகளுக்கான நிகழ்ச்சிகளின் தரக்குறைவைக் கண்டு, இதனினும் நன்றாக நாமே செய்யலாமே என்று துணிந்தார். ஓவியரான பீட்டர் பர்மின் என்பாருடன் கூட்டுச் சேர்ந்தார். கெண்ட் மாவட்டத்தில் பர்மின் வீட்டு மாட்டுக்கொட்டகைதான் படக்கூடமாயிற்று! 1959-இல் ‘ஐவர்’ என்னும் ரயில் இயந்திரத்தின் கதை அவர்கள் கைவண்ணத்தில் வெளிவந்தது. பர்மின் வரைவார். போஸ்ட்கேட் கதை எழுதுவார், அட்டையில் வெட்டிய உருவங்களைக் காமிராவின் கீழ் நகர்த்துவார், படமெடுப்பார், கதை சொல்லும் குரலும் அவரே, சுருளைத் தொகுப்பதும் அவரே. மனிதன் நிலவில் கால் வைத்த 1969-ஆம் ஆண்டில், நிலவைப் போன்ற ஒரு சிறு கோளில் வாழும் பின்னல் பொம்மைகளின் கதையாகிய ‘கிளாங்கர்ஸ்’ என்னும் தொடரைத் தந்தார்கள். 1974-இல் வந்த ‘பாக்புஸ்’ என்னும் பூனைப் பொம்மைத் தொடரில் இருந்தவை பதின்மூன்றே படங்கள். 1999-இல் பி.பி.சி. வாக்கெடுப்பு நடத்தியபோது, குழந்தைகளுக்கான நிகழ்ச்சிகளுள் மக்கள் மிகவும் விரும்பியதாக முதலிடம் பெற்றது அத்தொடரே.

போஸ்ட்கேட்டின் வாழ்வு நமக்கு ஓர் உண்மையைப் புலப்படுத்துகின்றது. பணம் குறைவு, ஆட்கள் இருவரே. எனவே எது வேண்டா என்பதை முன்கூட்டியே முடிவு செய்யும் தொகுப்பாளரின் கண்ணோடுதான் அவர் கதையே எழுத வேண்டியிருந்தது. வீணாக ஓர் அசைவும் இல்லை. அட்டை உருவம் அசையாது நிற்கும் வேளையில் குரல் அதற்கு உயிரூட்டும். வறுமை அவருக்குச் சிக்கனத்தைக் கற்பித்தது; சிக்கனம் பின்னர் அழகாயிற்று. 2008-இல் அவர் மறைந்தபோது பிரிட்டன் முழுதும் துயருற்றது.

மற்றொரு சான்றும் காண்போம். பிரிஸ்டல் நகரத்து ஆர்ட்மன் படக்கூடம் களிமண் பொம்மைப் படங்களுக்குப் பேர்போனது. அங்கு நிக் பார்க் என்னும் இயக்குநர் படைத்த வாலஸ், கிராமிட் என்னும் மனிதனையும் நாயையும் நம் நாட்டுக் குழந்தைகளும் அறிவர். 1993-இல் வந்த ‘தவறான கால்சட்டை’ என்னும் அரைமணிப் படத்தின் முடிவில், வீட்டுக்குள் ஓடும் பொம்மை ரயிலின் மேல் ஒரு துரத்தல் நிகழும். தண்டவாளம் தீர்ந்துபோகவே, நாய் ரயிலின் முன்னே அமர்ந்து புதிய தண்டவாளத் துண்டுகளை ஒன்றன்பின் ஒன்றாக வைத்துக்கொண்டே செல்லும். ஒரு பிரேம் கூடினால் ரயில் நொண்டும். ஒரு பிரேம் குறைந்தால் கண்ணுக்குப் பிடிபடாது. அப்படத்தையும், 1995-இல் வந்த அடுத்த படத்தையும் தொகுத்தவர் ஹெலன் கார்ராட் என்னும் பெண்மணி. இரண்டுமே ஓவியக் குறும்படத்திற்கான ஆஸ்கார் பரிசைப் பெற்றன. பரிசை ஏந்தியவர் இயக்குநர். இதில் எவர் மீதும் குறை கூறுவதற்கில்லை. பரிசின் விதி அவ்வாறு. ஆனால் அந்த ரயிற் காட்சியைக் கண்டு கைதட்டிய கோடிக்கணக்கானோரில் ஹெலன் கார்ராட் என்னும் பெயரைச் சொல்லக்கூடியவர் எத்துணை பேர் என்பதை எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

வெள்ளையர் நாட்டுக் கதை இருக்கட்டும், தமிழருள் இத்தொழிலில் உயர்ந்தார் இல்லையோ எனின், உளர். 1952-இல் வெளிவந்து தமிழகத்தையே உலுக்கிய ‘பராசக்தி’யின் வசனகர்த்தா மு. கருணாநிதி என்பதைச் சிறுவரும் அறிவர். அதனை இயக்கிய கிருஷ்ணன், பஞ்சு இருவருள் பஞ்சுவே அப்படத்தின் தொகுப்பாளரும் ஆவார். தொகுப்பாளராக அவர் பூண்ட பெயர் ‘பஞ்சாபி’. வெட்டும் வேலைக்குத் தம் பெயரையே மறைத்துக்கொண்டார் போலும்! அவர்களிடம் உதவித் தொகுப்பாளராகத் தொழில் தொடங்கிய அ. பீம்சிங், பின்னாளில் ‘பாசமலர்’ முதலிய படங்களை இயக்கிப் புகழ் கொண்டார். பீம்சிங்கின் மைந்தர் பி. லெனின், தொகுப்பாளராகவே நின்று தேசிய விருது வாங்கியவர். இயக்குநராகவும் அவ்விருதைப் பெற்றவர். ஆகவே, காலத்தை வெட்டி அளக்கும் திறம் நம்மவர்க்கு அன்னியமானதன்று.

நிற்க. நம் நாட்டிற்கு வருவோம். பி.பி.சி. மிக்கி எலியோடு மீண்டெழுந்த அதே 1946-ஆம் ஆண்டில், பிரிட்டிஷ் ஆட்சியினர் கோலாலம்பூரில் மலாயாப் படப்பிரிவை நிறுவினர். போரால் நொந்த மக்களுக்கு அரசாங்கத்தின் கருத்துகளைப் படமாகக் காட்டுவது அதன் பணி. நாடு விடுதலை பெற்று, 1963-இல் மலேசியா உருவானபோது அதுவே பிலிம் நெகாரா மலேசியா ஆயிற்று. அவ்வாண்டு டிசம்பர் 28-ஆம் நாள் நம் நாட்டுத் தொலைக்காட்சியும் பிறந்தது. செய்திப் படங்களையும் விளக்கப் படங்களையும் தொகுக்கும் கைகள் ஆண்டுதோறும் அங்கே பயின்றுகொண்டிருந்தன.

அக்கூடத்தில்தான் ஆனந்தம் சேவியர் என்னும் கலைஞர் நாட்டின் முதல் ஓவியக் குறும்படத்தை உருவாக்கினார். அதன் பெயர் ‘ஹிக்காயாட் சாங் காஞ்சில்’. சருகுமானின் கதை என்பது பொருள். உடலாற் சிறிதாயினும் புத்தியாற் பெரிய விலங்குகளை வெல்லும் அச்சருகுமானை மலாய்க் குழந்தைகள் மட்டுமா, நம் தோட்டத்துப் பிள்ளைகளும் பள்ளிப் பாடத்தில் அறிவர். ஆற்றைக் கடக்க வழியின்றி நின்ற சருகுமான், அரசன் ஆணைப்படி உங்களை எண்ண வேண்டும் என்று முதலைகளை வரிசையாக நிற்கச் செய்து, ஒன்று, இரண்டு, மூன்று என எண்ணிக்கொண்டே அவற்றின் முதுகின் மேல் தாவி அக்கரை சேர்ந்த கதை யாவரும் அறிந்ததே. எண்ணத் தெரிந்தது பிழைத்தது! பிரேம்களை எண்ணி எண்ணிக் காலத்தைக் கடக்கும் தொழிலுக்கு இதனினும் பொருத்தமான விலங்கு வேறில்லை.

ஆனந்தம் சேவியரின் படம் 1978-இல் உருவாகியும், 1983-இல்தான் மக்கள் கண்ணுக்கு வந்தது. ஐந்து ஆண்டுகள்! வரைந்த ஓவியம் பேழைக்குள் உறங்க, அயல்நாட்டு எலியும் பூனையும் நம் வீடுகளில் துள்ளி விளையாடின. முதல் படம் வெளிவந்த பின் அடைப்பு நீங்கிற்று. 1984 முதல் 1987 வரையில் மேலும் ஐந்து ஓவியக் குறும்படங்கள் பிலிம் நெகாராவிலிருந்து வந்தன. சருகுமானும் குரங்கும், அறிவுள்ள காகம், செருக்குற்ற முயல், பேராசைச் சிங்கம், சருகுமானும் முதலையும் என்பவை அவை. ஒருமுறை வாயில் திறந்தால் எத்தனை பேர் நுழையக் காத்திருக்கின்றனர் என்பதற்கு இதுவே சான்று.

பின்னர் நிகழ்ந்தவற்றைச் சுருங்கக் கூறுவோம். 1990-களின் நடுவில் ‘உசோப் சொந்தோரியான்’ என்னும் தொலைக்காட்சித் தொடர் வந்தது. 1998-இல் ஹசான் அப்துல் முத்தலிப் இயக்கிய ‘சீலாட் லெகெண்டா’ நாட்டின் முதல் முழுநீள ஓவியப் படமாயிற்று. கேலிச்சித்திரக்காரர் லாட் என்பாரின் கம்பத்துச் சிறுவன் தொலைக்காட்சித் தொடராக உலா வந்தான். 2007-இல் ‘உப்பின் இப்பின்’ தோன்றி, கணினியால் ஆக்கப்பட்ட இரட்டைச் சிறுவர் நம் நாட்டு எல்லையையும் கடந்து சென்றனர். அவர்களோடு விளையாட ராஜூ என்னும் தமிழ்ப் பையனும் அத்தொடரில் இடம்பெற்றான். கத்தரியும் ஒட்டுநாடாவும் மறைந்து, வெட்டுதல் கணினித் திரையில் நிகழலாயிற்று. பிலிம் நெகாரா 2013-இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகமாகிய பினாஸுடன் இணைக்கப்பட்டு, தன் தனிப்பெயரை இழந்தது.

ஹசான் அப்துல் முத்தலிப்பைப் பற்றி ஒரு சொல் கூறாமல் இதனை விட மனமில்லை. பிலிம் நெகாராவில் உழைத்த அவர், தம் அனுபவத்தைப் படத்தோடு நிறுத்திக்கொள்ளவில்லை. நம் நாட்டுத் திரைப்படத்தின் வரலாற்றையும், ஓவியப் படத்தின் வரலாற்றையும் நூலாக எழுதினார். தொழிலாளியே வரலாற்றாசிரியனாகவும் ஆனதால்தான் முன்னோடிகள் சிலரின் பெயராவது இன்று நமக்குக் கிடைக்கின்றது. இல்லையேல், சருகுமான் மட்டுமே எஞ்சி, அதற்கு உயிர் கொடுத்தவர் மறைந்தே போயிருப்பார்.

கணக்கு எழுதும் நமக்கு இதில் என்ன வேலை என்னும் வினாவிற்கு இப்போது விடை கூறலாம். தோட்டத்துக் கணக்கேட்டில் நாள்தோறும் பெயர் எழுதுகின்றோம். பெயருக்கு நேரே கொழுந்தின் நிறையை எழுதுகின்றோம். முன்னாளில் அவ்வேட்டில் நம் தாய்மார் பெயர்கள் நிறைந்திருந்தன. இன்று வங்காள தேசத்தாரும் நேப்பாளத்தாருமாகிய தொழிலாளர் பெயர்களும் அதில் ஏறியுள்ளன. கூலி தீர்ந்ததும் ஏடு அலமாரிக்குப் போகின்றது; பின்னர்க் கறையானுக்குப் போகின்றது. தேயிலைப் பெட்டியின் மேல் மலையின் படம் உண்டு. முதலாளியின் முத்திரை உண்டு. பறித்த கையின் பெயர் இல்லை. கணக்கேட்டில் பெயர் பெற்று, வரலாற்றேட்டில் பெயர் பெறாதார் கூட்டத்தில் கொழுந்து பறித்தவரும் சுருள் வெட்டியவரும் ஒருவருக்கொருவர் உடன்பிறப்பினர். இவ்வுறவை உணர்வதற்கு ஆங்கிலம் வாயிலாக நாம் பெற்ற கல்வி உதவவில்லை. ஆங்கிலக் கதைகளையும் படங்களையும் அது நமக்குக் காட்டிற்று. அவற்றைச் செய்தவர் யார், எக்கூலிக்குச் செய்தனர் என்று கேட்க அது கற்பிக்கவில்லை.

ஆகவே, மூன்று செயல்களை அன்பர்கள் முன் வைக்கின்றோம். வீட்டிலே குழந்தைகளோடு படம் பார்க்கும்போது, முடிவில் ஓடும் பெயர்களை ஒருமுறையேனும் வாய்விட்டுப் படியுங்கள். இப்படம் வானத்திலிருந்து விழவில்லை, இவர்கள் செய்தார்கள் என்று பிள்ளைக்குச் சொல்லுங்கள். தோட்டத்துப் பிள்ளைகளுக்கு வக்கீலும் மருத்துவரும் அன்றி வேறு தொழில் உலகில் இல்லை என்பதுபோற் பேசுவதை விடுங்கள்; எண்ணவும் பொறுக்கவும் பொறுக்கியதைக் கோக்கவும் தெரிந்த பிள்ளைக்குப் படத்தொகுப்பும் ஒரு வாழ்வு என்பதை எடுத்துக் கூறுங்கள். முடிவாக, நம் தோட்டங்களில் முதுமை எய்தியுள்ள தாய்மாரிடமும் தந்தையரிடமும் சென்று, அவர்கள் எந்த மலையில், எந்த ஆண்டில், எத்தகைய வேலை செய்தனர் என்பதைக் கேட்டுப் பெயரோடு எழுதி வையுங்கள். மாட்டுக்கொட்டகையில் பிறந்த படத்திற்கு வரலாறு உண்டென்றால், லயத்து வீட்டில் கழிந்த வாழ்விற்கும் வரலாறு உண்டு. அதனை எழுத அயலார் வருவாரென்று காத்திருத்தல் வேண்டா.